சலவைக்கூடம், அன்சி

முதல் நாள் சோப்புக்கு முன்னால்
சொற்களைக் கொடுத்தார்கள்.
இந்தப் படையில் சிவப்பு கிடையாது. அது செர்ரிநீலம்.
மஞ்சள் கிடையாது. ஜோன்கீல் பூ.
இரத்தத்துக்குப் பேர் பச்சை.
காதலியின் உதட்டுக்கும்
கொடியின் மூன்றாம் பட்டைக்கும் மட்டும் விலக்கு.

சிரித்துவிட்டேன்.
கார்ப்பரல் ரெவியார் சிரிக்கவில்லை.

நிமிடத்துக்கு நூற்று நாற்பது அடி வைக்கிற கால்கள்.
தோசைக்கல் அகலத்துக்குத் தொப்பி;
மலையில் விறைத்தால்
பாதத்தை அதற்குள் திணித்துக்கொள்வார்களாம்.
நூறு வருஷம் முன்பு வோஜ் முகட்டில்
எதிரி வைத்த பேர்: நீலப் பேய்கள்.
அந்தப் பேய்களின் உடுப்பை
யார் துவைத்தார்களோ.

எங்கள் பழம்பாட்டிலும் உண்டுதான்,
போர் என்னாமல் தும்பை என்பது.
சிரித்ததற்குக் கூசியது.

பிப்ரவரியில் பனிச்சரிவு.
மூட்டையில் ஒரு வெள்ளை மேலங்கி,
காலரின் உள்பக்கம்: ரெவியார்.
பச்சைத் தண்ணீர்தான் ஊற்றவேண்டும்,
வெந்நீர் கறையைக் கட்டிப்போடும்.
மூன்று தரம் அலசினேன்.
நான்காவது தரமும்.

"என்ன கறை?" என்றாள் பதிவேட்டுக்காரி.
பச்சை, என்றேன்.

வேலைக்குப் புதிது அவள்.
புல்
என்று எழுதிக்கொண்டாள்.