துலா குனிந்த வரி

அந்த வரி இதுதான்:
"துலா குனிந்தது. வாளி நிறைந்தது."
மண்ணெண்ணெய் இல்லாமல் மோட்டர்கள் படுத்த வருசம்
உரும்பிராயில் சைக்கிளை நிறுத்திக் கண்டது.
வெங்காயத்துக்குத் தண்ணி இறைத்தார்கள்.
வேறொன்றுமில்லை.

யேசுரத்தினம் கொப்பித் தாளில் அச்சடித்தார்,
நீலக் கோட்டில் எழுத்து ஏறிவிடாமல்.
நூற்றி முப்பது பிரதி.
நூற்றிப் பத்து என் கட்டிலுக்குக் கீழே.

முதலில் வந்தது இரண்டு பெடியள்.
ஒருவனுக்கு மீசை இன்னும் முடிவாகவில்லை.
ஆனால் வாசித்திருந்தான்,
மூன்று தரம் என்று அவனே சொன்னான்.
"குனிஞ்சது ஆர், அண்ணை?
குனிஞ்சா நிறையும் எண்டு
சனத்துக்குச் சொல்லுறியளோ?"
துலா, என்றேன்.
"துலா எங்களுக்கும் தெரியும்."

பிறகு நகரம் கைமாறியது.
முகாமில் ஒரு மேசை, அதன்மேல் என் புத்தகம்,
பக்கத்தில் சிங்களத்தில் பெயர்த்த தாள்.
பெயர்த்தவன் கெட்டிக்காரன்.
இரண்டு வசனத்துக்கும் நடுவிலிருந்த முற்றுப்புள்ளியில்
பேனையை ஊன்றிக் கேட்டான்:
"கிணற்றுக்குள் என்ன இருக்கிறது?"
தண்ணி, என்றேன்.
வரியில் கிணறே இல்லையென்பது
அப்போதுதான் எனக்கு உறைத்தது.

என்னை விட்டார்கள்.
அச்சடித்தவரை வேறொரு வாகனத்தில் ஏற்றினார்கள்.
குருநகரில் அவர் மனைவி பிலோமினா
இருபத்தெட்டு வருசம் அந்தப் புத்தகத்தைக் கேட்கவில்லை.
நானும் கொடுக்கவில்லை.

போன கிழமை இரண்டாம் பதிப்பு.
மண்டபத்தில் வடை, பொன்னாடை, கரகரக்கும் ஒலிவாங்கி.
பிரதம விருந்தினர் பாராளுமன்ற உறுப்பினர்.
இலக்கியம் இனத்தின் மூச்சு என்று
அரை மணித்தியாலம் மூச்சுவிடாமல் பேசினார்.
புத்தகத்தைச் சுற்றிய நாடாவை அவிழ்க்காமலே
வாகனத்துக்குக் கொண்டுபோனார்.

கைதட்டலுக்குள் எனக்கொரு கேவலமான நினைப்பு:
அந்தப் பெடியன் இருந்திருந்தால்
இந்நேரம் எழும்பிக் கேள்வி கேட்டிருப்பான்.
என்னை முற்றுப்புள்ளி வரை வாசித்தவர்கள்
அவனும் அந்தப் பேனைக்காரனும்தான்.
இதை எழுதி, வெட்டி,
மறுபடி எழுதியிருக்கிறேன்.

சனம் கலைந்த பிறகும்
கடைசிக் கதிரையில் பிலோமினா.
காசு கொடுத்து வாங்கிய பிரதி மடியில்.
எட்டாம் பக்கத்தில் விரல்.
உதடு அசைய வாசித்து முடித்து
என்னைப் பார்த்தா.

"இவ்வளவுதானோ?"

மிச்சம் பின்னால் இருக்கும் என்று
தாளைத் திருப்பினா.