நாலு சீட்டு

ஞாயிற்றுக்கிழமை கம்பெனி பஸ் வராது.
சம்பளம் மட்டும் ரெட்டிப்பு.
கோலா கெட்டிலிலிருந்து கூலிம் கையுறைத் தொழிற்சாலைக்கு
என் பழைய கஞ்சில்தான் வழி:
முன்னால் ஒருத்தி, பின்னால் மூன்று பேர்.
கேட்பவர்கள் ஏழு.

தெய்வானை, எஸ்தர், பாக்கியவதி, நீலவேணி,
குணசுந்தரி, இந்திராணி,
கடைசி லயத்து அம்பிகா.

யாரை விட்டாலும் ஒரு வாரம் முகத்தூக்கல்.
அதனால் ஒரு ராத்திரி
தவுக்கே கடைக் காலண்டரில் போன மாதத்தைக் கிழித்து
பின்பக்கம் எழுதிப் பார்த்தேன்,
முதலெழுத்து மட்டும்.
தெ எ பா நீ.
தெ எ பா கு.
பெரட்டில் பேர் கூப்பிடக் கூப்பிட
இருட்டிலிருந்து ஆள் வருவதுபோல
வந்துகொண்டே இருந்தார்கள்.
கொசுவத்தி பாதி எரிந்தபோது முடிந்தது:
முப்பத்தைந்து.

வாரத்துக்கு ஒரு நால்வர் என்றால்
தைப்பூசத்தில் தொடங்கிப் புரட்டாசிவரை ஓட்டலாம்,
அதே நால்வர் திரும்பி வராமல்.
ஆளுக்கு இருபது ஞாயிறு கார்,
பதினைந்து ஞாயிறு வீடு.
யாருக்கும் குறையில்லை,
தாளில்.

நம்பர் கடையில் புரட்டிப் போட்டால் வேறு எண்,
வரிசைக்குத்தான் அங்கே காசு.
காரில் எப்படி உட்கார்ந்தாலும் அதே நால்வர்
என்றுதான் நினைத்திருந்தேன்.
பின்சீட்டில் உட்கார்ந்தால் பாக்கியவதிக்கு
பாலம் வருவதற்குள் வாந்தி வரும் என்பதை
எந்த வரியில் எழுதுவது?

எஸ்தரும் குணசுந்தரியும் பேசி நாலு வருஷம்.
சீட்டுப் பணம், அறுநூறு வெள்ளி.
இருவரும் சேர்ந்து வரும் பத்தையும் அடித்தேன்.
அடித்த கோட்டுக்கடியில்
எழுத்துகள் தெரிந்துகொண்டே இருந்தன.
ஆடியில் மூன்று பேருக்குக் காய்ச்சல்.
அடித்ததில் ஒன்று
தானாக நடந்துவந்து கதவைத் திறந்தது.
நீலவேணி நடுவில் ஏறிக்கொண்டாள்,
மடியில் ஒரு கொத்து ரம்புத்தான்.
இந்தப் பக்கம் ஒன்று நீட்டினாள், அந்தப் பக்கம் ஒன்று.
கூலிம் வரைக்கும்
தோல் உரிக்கும் சத்தம் மட்டும்.
கொட்டையைத் துப்ப
இரண்டு கண்ணாடியும் ஒரே நேரத்தில் இறங்கின.

அம்பிகா முன்னால் உட்கார்ந்து தூங்கிவிட்டாள்.
முப்பத்தைந்திலும் இருப்பவள் நான் ஒருத்திதான்.
ஓட்டுகிறவளை யாரும் எண்ணுவதில்லை.

கார்த்திகையில் நீலவேணி மாசாய்க்குப் போனாள்.
மகனுக்கு சிங்கப்பூரில் வேலை,
இவளுக்கு ஒன்பதாவது மாடி.
இரண்டு பை, ஒரு குக்கர், ராத்திரி பஸ்.
வந்து பென்சிலை எடுத்தேன்.
ஏழில் ஒருத்தி போனால்
ஏழில் ஒரு பங்குதானே போகும் என்று
நீ இருக்கும் வரிகளை அடிக்கத் தொடங்கினேன்.
ஏற்கெனவே அடித்த நாலும் சேர்த்து
இருபது.
இருபது கஞ்சில்கள் செம்பனை இருட்டில்
விளக்கை அணைத்துவிட்டு நின்றன.

மிச்சம் பதினைந்து.
அவற்றில் ஒன்றுகூடப் புதிதில்லை.
அவள் வீட்டிலிருந்திருக்க வேண்டிய ஞாயிறுகள்,
முதல் ராத்திரியே நான் எழுதி வைத்தவை.

போன வாரம் போன் செய்தாள்.
பின்னால் லிஃப்ட் சத்தம்.
"இந்த ஞாயிறு யார் யார்?"
சொன்னேன்.
"வீட்டுல?"
"இந்திராணி, எஸ்தர். ரெண்டு பேர்."
கொஞ்ச நேரம் ஒன்றும் பேசவில்லை.
"என்னையும் சேத்துக்க.
மூணு."