குத்தூசி

முதுநகர் மண்டியில் எனக்கு வேலை
மூட்டையைக் குத்திப் பார்ப்பது.
சணலுக்குள் குத்தூசி இறங்கும்,
அதன் பள்ளத்தில் இருபது முப்பது மணி வழிந்து வரும்.
உள்ளங்கையில் உருட்டி, பல்லில் கடித்து,
பழசா புதுசா, நொய் எவ்வளவு என்று சொல்வேன்.
இருபத்தோரு வருஷமாக
நான் சொன்னால் சொன்னதுதான்.
இப்போது கடித்ததைத் துப்பிவிடுகிறேன்.

என்னைக் குத்திப் பார்த்தவள் ஃபிலோமின்.
ஆஸ்பத்திரி லேபில் அவளுக்கு வேலை.
கட்டியவன் ரத்தம் என்று சலுகை ஒன்றும் இல்லை,
டோக்கன் கொடுத்து வரிசையில் நிற்கவைத்தாள்.
சாயங்காலம் தாளை நாலாக மடித்து
டிபன் டப்பாவுக்குள் வைத்துக் கொண்டுவந்தாள்.
முந்நூற்றுப் பன்னிரண்டு.
அன்றைக்கு ராத்திரியோடு சோறு நின்றது.

புதன்கிழமை அவளுக்கு லேட் டூட்டி,
அடுப்பு என்னுடையது.
துறைமுகத்து வாசலில் செங்கேணி
கூறு கட்டி வைத்திருந்தாள் கானாங்கெளுத்தி.
முதுகுக் கோட்டில் இன்னும் அலை ஓடிக்கொண்டிருந்தது.
"வஞ்சிரம் தின்ன வாயாச்சே, இன்னிக்கி என்ன இதுல?"
"டாக்டர் சொன்னாங்க."
"எந்த டாக்டரு?"
"வீட்ல ஒண்ணு இருக்கு."
சிரித்துவிட்டுக் கூறுக்கு மேல் ஒரு மீன் போட்டாள்.

பலாப்பிஞ்சு பண்ருட்டி வண்டியில் வந்தது,
தேங்காய் அளவுகூட இல்லை.
கத்திக்கு எண்ணெய், கைக்கு எண்ணெய்,
அப்படியும் பால் ஒட்டியது.
மண்டிக் கணக்கு நோட்டில்
இன்னும் ஒரு வாரம் அது தெரியும்.

மிளகு ஒரு ஸ்பூன், சீரகம் ஒன்றரை,
பூண்டு தோலோடு,
காய்ந்த மிளகாய் நாலு
(ஐந்தாவதைத் திருப்பி வைத்தேன்),
சின்ன வெங்காயம், மஞ்சள், கொட்டைப்பாக்களவு புளி.
தண்ணீர் விடாமல், மிக்ஸியை
நிறுத்தி நிறுத்தி அரைத்தால்தான்
விழுது மீனின் கீறலுக்குள் போய் உட்காரும்.

மொறுமொறுப்புக்கு என்று
கை தானாக மேல்தட்டுக்குப் போனது.
அரிசிமாவு டப்பா. மூடியைத் திறந்தே விட்டேன்.
வீட்டில் யாரும் இல்லை.
ஒரே ஒரு ஸ்பூன்,
ரத்தத்துக்குத் தெரியவா போகிறது?
தெரியும்.
மூடினேன். சரியாக மூடவில்லை, மறுபடி மூடினேன்.

வாழையிலையில் சுற்றி, தோசைக்கல்லில்,
நல்லெண்ணெய் கோடு போட்ட மாதிரி, சின்னத் தீ.
இலை கருகக் கருக மிளகு வாசனை
ஜன்னல் வழியே போய்
எதிர்வீட்டு மாடித் துணியில் ஏறியது.
பிஞ்சு வெந்து நார் நாராகப் பிரிந்தது.
கடுகு, கறிவேப்பிலை, தேங்காய்த் துருவல்,
கடைசியில் கிள்ளிப் போட்ட வடகம்.
எங்கள் தெருவில் வடகம் பொரியும் சத்தம்தான்
வீட்டில் ஆள் இருப்பதற்கு அடையாளம்.

எட்டே முக்காலுக்கு வந்தாள்.
கால் கழுவினாள், தட்டைப் பார்த்தாள்.
"இது என்ன நடுவுல?"

அப்போதுதான் நானும் பார்த்தேன்.
மீன் ஓர் ஓரம், பொரியல் ஓர் ஓரம்,
நடுவில் கரண்டிச் சோறு விழும் வட்டம்
காலியாக, பளபளவென்று.
யாரோ வரப்போகிற மாதிரி
இடம் போட்டு வைத்திருக்கிறேன்.

ஒற்றை விரலால் மீனை நடுவுக்குத் தள்ளினாள்.
"இங்க உக்காரட்டும்."

அவளுக்குச் சர்க்கரை இல்லை,
அவள் தட்டிலும் சோறு இல்லை.
கேட்டால் மத்தியானம் கேன்டீனில் தின்றாளாம்.
சாப்பிட்டோம். நன்றாக இருந்தது, பொய் இல்லை.
வயிறு நிறைந்த பிறகும்
வாய் மட்டும் எதையோ கேட்டுக்கொண்டிருந்தது.
என்ன என்று நான் விசாரிக்கவில்லை.

பதினொன்றுக்கு மிஷினை எடுத்தாள்.
மோதிர விரலைப் பிடித்தாள், விட்டாள்.
"முள்ளு குத்தியிருக்கு. வேற குடு."
கொடுத்தேன்.
ஆணியில் தொங்கும் சட்டைப்பையில்
இன்றைய மாதிரி ஏழெட்டு மணி,
துவைக்கும்போது அவளுக்குக் கிடைக்கும்.
ஊசி இறங்கியது. ஒரு சொட்டு.
மிஷின் ஐந்திலிருந்து எண்ணத் தொடங்கியது.

"பழசா, புதுசா?" என்றேன்.
"பேசாம இரு."

நாலு.
மூணு.