சரக்கு எண் 117

கித்தான்மேல் எண்ணெய் வண்ணம்.
உயரம் ஐம்பத்து நான்கு அங்குலம்.
அகலம், இப்போது, எழுபத்திரண்டு.
அறிக்கையில் ‘இப்போது’ எழுதாதே என்பாள் மேலாளர் ஃப்ரேனி.
எழுதிவிட்டுத்தான் அடிப்பேன்.

போர் முடிந்த மறுவருஷம்
பைகுல்லாவில் பூட்டுக்கடை மாடியில் வரைந்தவன்
லான்சலட் பரெட்டோ.
எந்த விமானமும் குண்டு போடாத பம்பாயில்
அவனே போட்டிருக்கிறான்.
கொலாபாவிலிருந்து பரேல்வரை தீ.
டிராம் தண்டவாளம் உருகிச் சாக்கடையில் இறங்குகிறது.
ஆலைப் புகைபோக்கிகள் மட்டும் நிற்கின்றன,
பிணம் எண்ண வந்த குமாஸ்தாக்கள்போல.

முதலில் வாங்கியவர் பல் டாக்டர் மிஸ்திரி.
காத்திருப்பு அறையில் மாட்டினார்.
அதைப் பார்த்தபின் யாருக்கும்
கடைவாய்ப்பல் பெரிதாக வலிக்கவில்லையாம்.

அவர் மகள் விற்றது பருத்தித் தரகர் கோகுல்தாஸுக்கு.
வால்கேஷ்வர் வீட்டில் சுவர் ஒன்பது அங்குலம் குறைவு.
சுவரை இழுத்தா நீட்டமுடியும்?
தச்சனைக் கூப்பிட்டுப் படத்தின் இடதுபக்கம் அறுத்தார்.
போனது கடல்.
பழைய புகைப்படத்தில் இருக்கிறது:
கரும்பச்சையில் ஒரு கீற்று,
ஆட்கள் பிதுங்கும் மூன்று படகுகள்.
அன்றுமுதல் இந்த ஊரில் எரிகிறவர்களுக்கு
ஓட இடமில்லை.

அடுத்தவர் சினிமா ஃபைனான்ஸ். பெயர் வேண்டாம்.
அப்புறம் ஒரு வங்கி.
வாராக்கடனுக்கு வந்ததைப்
பதினாறு வருஷம் ஜெனரேட்டர் அறையில் சாத்திவைத்தது.
வலதுமூலையில் பூஞ்சை.
பின்பக்கம் யாரோ காவல்காரர்
பென்சிலில் எழுதிய பால் கணக்கு:
14 இல்லை. 15 அரை. 16 இல்லை.
அலுவலகத்தில் எனக்கு மட்டுமே புரிந்த தமிழ்.
அழிக்கலாமா என்றாள் ஃப்ரேனி.
கித்தான் தாங்காது என்று பொய் சொன்னேன்.

இப்போதைய சொந்தக்காரர்களுக்கு
லோயர் பரேலில் நாற்பத்தொன்றாம் மாடி.
பழைய ஆலை நிலம்.
“இதுல நம்ம பில்டிங் எங்கே வரும்?”
அந்தம்மா ஆசையாகக் கேட்டார்.
ஒரு புகைபோக்கியின் அடியைக் காட்டினேன்.
“அட, அங்கேதான் கலர் நல்லா இருக்கு.”

சர்வீஸ் லிஃப்டில் சாய்த்து ஏற்றினோம்.
இரண்டு விரல் இடைவெளியில் நுழைந்தது.
எண்பத்தொன்றாகவே இருந்திருந்தால்
நாலு பேரும் படியேறியிருப்போம்.
கோகுல்தாஸுக்கு ஒரு கும்பிடு.

நகரம் எஃகுச் சுவரைப் பார்த்து எரிந்தபடி மேலே போனது.
எங்கள் மூக்குக்கு நேரே
14 இல்லை. 15 அரை. 16 இல்லை.
17 என்று போட்டு
பக்கத்தில் ஒன்றும் எழுதவில்லை.