சித்திரத்திலிருந்து சுவர்

சுவரை வைத்துத்தான் சித்திரம் என்பது நம் வழக்கு.
கிளாக்ஸ்விக் துறைமுகத்து மீன் ஆலைக்கு
சித்திரம்தான் முதலில் வந்தது:
எண்ணூறு மெகாபைட்டில் ஒரு வட்டுப் படம்.
அதிலிருந்து சுவர் எழும்ப வேண்டும்.

மார்யுன் வீட்டிலிருந்தே எழுப்பினாள்.
மடியில் கணினி, அடுப்பில் உருளைக்கிழங்கு.
ஆலையின் லினக்ஸ் பெட்டிக்குள்
இல்லாத ஓர் இயந்திரத்துக்கு
இரண்டு கோர் அளந்தாள், நான்கு ஜிபி நினைவகம்,
வாசலுக்கு ஒன்று கொல்லைக்கு ஒன்றாய்
வலையட்டை இரண்டு.
செங்கல் இல்லை, சாந்து இல்லை,
பெயரில் இருக்கும் நெருப்புகூட இல்லை.

முதல் விதி: வெளியிலிருந்து எதுவும் வரக்கூடாது.
என்டர்.

திரை உறைந்தது.
ஒரு பிங் போனது, திரும்பவில்லை.
இன்னொன்று. அதுவும்.
உருளைக்கிழங்கு அடிப்பிடித்தது.

பதினொன்றரைக்குக் காரை எடுத்தாள்.
கடலுக்கடியில் ஆறு கிலோமீட்டர் சுரங்கம்,
தலைக்கு மேலே அத்தனை தண்ணீர்.
ஒரு சொட்டு ஒழுகவில்லை.
இதைக் கட்டினவர்களுக்கு மட்டும் எப்படி வந்தது
என்று எரிச்சல் வந்தது அவளுக்கு.

ஆலைக் கதவில் அட்டையை நீட்டினாள். சிவப்பு.
சட்டையில் துடைத்து நீட்டினாள். சிவப்பு.
அட்டையைச் சரிபார்க்கும் கணினியும்
அவள் சுவருக்கு அந்தப் பக்கம்.
மழை பக்கவாட்டில் பெய்தது,
அந்தத் தீவுகளில் அது அப்படித்தான் பெய்யும்.

கண்ணாடியைக் கைமுட்டியால் குத்தினாள்.
இரவு முறையில் தரை கழுவும் டொரினெல்
குழாயைப் போட்டுவிட்டு வந்து
உள்ளிருந்து இரும்புப் பட்டையைத் தள்ளினான்.
எந்த முகவரி, எந்த போர்ட்,
ஒன்றும் கேட்கவில்லை.
முகம் தெரியும், அவ்வளவுதான்.

மானிட்டரைச் செருகியதும் விளங்கிவிட்டது.
அட்டைகள் இடம் மாறியிருந்தன.
அகத்தைப் புறமென்று கொண்டு,
தராசு, குளிர்அறை, கதவு, சம்பளக் கணினி
அத்தனையையும் அந்நியமென்று தள்ளிவிட்டு
உலகத்தைப் பார்த்துத் திறந்து கிடந்தது சுவர்,
சொன்னதைச் சொன்னபடி செய்துகொண்டு.

மாற்றினாள்.
எல்லா விதிக்கும் மேலே ஒரு வரி சேர்த்தாள்:
மார்யுன் வரலாம்.
கூண்டுக் கேமராக்கள் ஒவ்வொன்றாய் விழித்தன,
கறுப்புத் தண்ணீரும் தூங்காத சால்மனும்.

என்ன உடைந்தது, என்றான் டொரினெல்.
ஒன்றும் உடையவில்லை. சுவர் கட்டினேன்.
எங்கே?
பெட்டியைக் காட்டினாள்.

வீடு வாங்க வந்தவனைப் போல
ஈரக் கையுறையோடு அதைத் தட்டிப் பார்த்தான்.
காது வைத்துக் கேட்டான்.
தகரம்.

மெல்லிசுதான், என்றான்.