ஐம்பது ஹெர்ட்ஸ்

வெய் ஷுவான் கையைத் தூக்கினாள்.
ஒரு நிமிடம் யாரும் அசையவேண்டாம்,
இளவேனி அறையைப் பதிவுசெய்கிறாள்.
தோ பாயோ, பதினோராம் மாடி.
ஆறு பேர் அவரவர் கால்விரலைப் பார்த்து நின்றோம்.
இருபத்திரண்டாம் நொடியில்
யாருடைய வயிறோ பேசியது.
மறுபடியும்.

இந்த ஊர்க் குயிலைக் கவிதையில் வைக்க முடியாது.
விடிகாலை நாலரைக்குத் தொடங்கி
நகர மன்றத்துக்குப் புகார் எழுதவைக்கும் பறவை.
எட்டு டேக்கில் ஐந்தை அது தின்றது.
இரண்டைக் கீழ்த்தளத்தில் ஒரு சாவு வீட்டின் மேளம்.
அதற்கு மட்டும் யாரும் முணுமுணுக்கவில்லை.

மிஞ்சிய ஒன்றில் ரோஸ்லான்
குளிர்பெட்டியைத் திறக்கிறார்,
தண்ணீர்ப் புட்டியை எடுக்கிறார்,
குடிக்காமல் நிற்கிறார்.
மகன் இனி வரமாட்டான் என்று
அவருக்குத் தெரியும் இடம்.
வசனம் இல்லை. நீ பார்த்துக்கொள் என்றாள்.

சம்பளம் அறுநூறு வெள்ளி, பாதி பிறகு.
உபியில் கார்ப் பட்டறைக்கு மேல் என் அறை.
அவர்கள் மூடிய பிறகுதான் எனக்கு விடியும்.

விரல் முறியும் காட்சிக்கு வெண்டைக்காய்.
தேக்கா சந்தையில் ஒவ்வொன்றாய்
காதருகே வைத்து நுனி ஒடித்தேன்.
சமைக்கவா, ஜோசியம் பார்க்கவா என்றார் கடைக்காரர்.
ஒடித்ததற்கெல்லாம் காசு வாங்கினார், நியாயம்தான்.
முற்றல்தான் எலும்பு.
பிஞ்சு வெறும் காய்.

குளிர்பெட்டிக் காட்சிக்கு மட்டும் எதுவும் ஒட்டவில்லை.
செல்லோ அவரை முந்திக்கொண்டு அழுதது.
பியானோ போட்டால் காப்புறுதி விளம்பரம்.
பன்னிரண்டாவதையும் அழித்த இரவில்
வெறும் அறையை ஓடவிட்டுக் கேட்டேன்.
அன்று குளிர்பெட்டியை அணைக்க மறந்திருக்கிறேன்,
இந்தத் தொழிலின் முதல் பாவம்.
ஐந்து கட்டைக்கு ஒரு மயிரிழை மேலே
அது பாட்டுக்கு முனகிக்கொண்டிருந்தது,
பாட யாரும் வராத கச்சேரியில்
சுருதிப்பெட்டி மாதிரி.

வயலினை அதற்குச் சேர்த்தேன்.
ஒரே சுரம். வில் திரும்புவது தெரியக்கூடாது.
எழுபது நிமிடம் அவர் முதுகுக்குப் பின்னால் வைத்துவிட்டு
புட்டியோடு அவர் நிற்கும்போது
இரண்டையும் நிறுத்தினேன்.

திரையிடலில் ஐம்பத்தெட்டு பேர்,
பாதி எங்கள் உறவு.
அந்த இடத்தில் ஒரு பெண்
ஏசி நின்றுவிட்டதா என்று கூரையைப் பார்த்தாள்.
பக்கத்து இருக்கையும் பார்த்தது.
பிறகு திரைக்குத் திரும்பினார்கள், வேறு முகத்தோடு.

வெளியே ஒருவர் கைகுலுக்கினார்.
இசையே வைக்காமல் விட்டீர்களே, அதுதான் அழகு.
நன்றி என்றேன். மீதி முந்நூறு வெள்ளி
இன்னும் வரவில்லை என்பது ஞாபகம் வந்தது.

வீட்டில், இருட்டில், தண்ணீர் எடுக்கப் போனேன்.
என் குளிர்பெட்டியும் அதே சுருதி.
ஒரே மின்சாரம்தானே,
எதிர் புளோக்கில் எத்தனை அடுப்படியில் இது ஓடுகிறதோ.
புட்டியைப் பிடித்தபடி நின்றிருந்தேன்,
கதவைச் சாத்தச் சொல்லி
அது கத்தத் தொடங்கும்வரை.