பதினேழு மீட்டர்

அந்தக் காலத்துப் பிலிமுக்கு
நீலம் தெரியாது.
வானத்தைக் காட்டினால்
சுண்ணாம்பு அடித்த சுவர் என்றது.
உதட்டுச் சிவப்பைக் காட்டினால் கரி என்றது.
எவாசியோ கரெத்தோவின் கண்களைக் காட்டியபோது
அங்கே ஒன்றுமே இல்லை என்று சொல்லிவிட்டது.

ராணுவப் பதிவேட்டில் இருக்கிறது: கண் — நீலம்.
அஸ்தி சந்தையில் முலாம்பழம் விற்கிறவள்
எடைக்கல்லைக் கையில் வைத்துக்கொண்டே
இரண்டாம் முறை பார்த்திருப்பாள்.
(இது நானாகச் சேர்த்தது.)
திரையில்
அவிந்த முட்டை இரண்டு.

ஆகவே குருட்டுப் பிச்சைக்காரனாக நடித்தான்.
ஆவியாக.
தூக்கத்தில் நடக்கிற மருந்துக்கடைக்காரராக.
ஒருமுறை பாதிக் கூலிக்குப் பளிங்குச் சிலையாகி
நாலு நிமிஷம் மூச்சடக்கி நின்றான்.
பத்திரிகை பாராட்டியது,
சிலையைச் செதுக்கியவரை.

பிறகு கேமராவுக்குப் பின்னால் போய்விட்டான்.
அந்தப் பக்கம்
கண் எந்த நிறமென்று யாரும் கேட்பதில்லை.

தூரின். தோரா ஆற்றோரம் கண்ணாடிக் கூரைக் கொட்டகை.
ஜூலையில் அடுப்பு.
ஜனவரியில் பாலைவன ராணியின் வாயிலிருந்து புகை வரும்.
மூச்சு விடாமல் அழு, தெல்ஃபினா, என்பானாம்.
முதலாளியோடு அவன் சண்டை போட்டதில்லை,
மேகத்தோடுதான்.

முப்பத்தெட்டுப் படங்கள் என்கிறது
கம்பெனிக் கணக்குப்பிள்ளையின் நோட்டு.
ஆணி, பசை, வாடகைக் கழுதை,
அதற்குக் கீழே அவன் சம்பளம்.
படத்தில் பெயர் போடும் வழக்கமில்லை,
ஆந்தை முத்திரை மட்டும்.

போருக்குப் பிறகு கம்பெனி மூழ்கியது.
பிலிமைக் கழுவி வெள்ளி எடுத்தார்கள்.
மிச்சத்தைக் காய்ச்சிச் சீப்பு வார்த்தார்கள்.
எந்தக் காதல் காட்சியால்
எவள் சிக்கெடுத்தாளோ.

என் மேசைக்கு வந்து சேர்ந்தது பதினேழு மீட்டர்.
பிஸ்கட் டப்பாவில், ஒரு பாதிரியார் வீட்டுப் பரணிலிருந்து.
ஓட்டினால் ஐம்பத்தாறு நொடி.
சாகக் கிடக்கும் குருட்டுத் தகப்பன்
மகள் தலைமேல் கை வைக்கிறான்.
அவனேதான். அன்றைக்கு நடிகன் வரவில்லைபோல.
வெள்ளைக் கண்கள் மேலே பார்க்கின்றன,
உதடு அசைகிறது,
வசன அட்டை இல்லை.
ஆசீர்வாதம் என்று குறித்துக்கொண்டேன்.

மிலான் நிபுணர் வாயசைவைப் படித்துப் பார்த்து
இது மொழியே இல்லை என்று எழுதினார்,
கட்டணச் சீட்டோடு.

அப்புறம் கூனெயோவிலிருந்து செல்சா வந்தாள்.
தபால் நிலையத்தில் வேலை. பிறவியிலேயே காது கேட்காது.
இரண்டாம் முறை ஓடும்போது சிரிக்க ஆரம்பித்தவள்
மூன்றாம் முறையும் நிறுத்தவில்லை.
இது எங்க ஊர்ப் பேச்சு, என்று கைகளால் சொன்னாள்.
ரயில் சீட்டின் பின்புறம் எழுதித் தந்தாள்:

"தெல்ஃபினா, இடது செருப்பு கழண்டு கிடக்கு.
குனியாதே. அழு, அழு.
மேகம் வருது."

நாற்பது தடவை பார்த்திருப்பேன்.
கட்டில் காலோரம், ஓட்டை விழுந்த அடிப்பாகம் மேலாக,
செருப்பு
அங்கேயே கிடந்திருக்கிறது.

ஐம்பதாவது நொடியில் படம் ஓரத்திலிருந்து வெளுக்கிறது.
பிலிம் அழுகல் என்றுதான் அறிக்கை கொடுத்திருந்தேன்.
இப்போது நிச்சயமில்லை.
அவள் அழுதுகொண்டே இருக்கிறாள்.
அவன் கை அவள் தலையைவிட்டு எழுந்து
எங்களைப் பார்த்து ஆடுகிறது,
சீக்கிரம், சீக்கிரம்.

பட்டியலில் இயக்குநர் கட்டத்துக்கு
இன்னும் ஒரு சான்று வேண்டுமென்கிறார்கள்.
குறிப்புகள் என்ற கட்டத்தில் எழுதி வைத்தேன்:
செருப்பு. இடது.